தாரவின் பாலத்துச் சுங்கச்சாவடி

அடிலெய்டு,
1899 மார்ச் 12

அன்புள்ள ஜேபஸ் அண்ணனுக்கு,

பாலம் இருக்கும், சுங்க வாயில் இருக்காது என்றால், வாயிலில் நின்றவன் எங்கே போய் நிற்பான்? போன கடிதத்தில் நீங்கள் கேட்ட இந்தக் கேள்விக்கு எனக்கு விடை தெரியவில்லை. நான்கு நாட்கள் யோசித்தேன். லத்தீன் வகுப்பின் நடுவில்கூட யோசித்து, ஒரு மாணவி தவறாகச் சொன்னதைச் சரி என்று சொல்லிவிட்டேன். தெரியாததைத் தெரியாது என்று ஒப்புக்கொள்ளப் பல்கலைக்கழகத்தில் கற்றுக்கொடுத்தார்கள். அது இன்றைக்குப் பயன்படுகிறது.

நான் நலம். இருமல் குறைந்துவிட்டது. உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது? ஈரத்தில் நிற்காதீர்கள் என்று எழுதுவது வீண். ஆற்றின் மேல் நிற்பதுதான் உங்கள் வேலை.

உங்கள் கவலை எனக்குப் புரியாமல் இல்லை. ஐம்பத்தாறு வயது. ஓய்வூதியத்துக்கு இன்னும் நான்கு வருடம். குடியிருக்கும் வீடு வேலையோடு வந்தது, வேலையோடு போகும். இந்தக் கண்டத்தின் ஆறு காலனிகளும் ஒரே நாடாகிவிட்டால், நியூ சவுத் வேல்ஸ் கரையிலிருந்து விக்டோரியா கரைக்கு வரும் வண்டியை நிறுத்தி வரி கேட்க ஆள் தேவையில்லை. இதெல்லாம் தெரிந்துதான் இங்கே மேடைக்கு மேடை “ஒரே ரத்தம், ஒரே மக்கள்” என்று முழங்குகிறார்கள். எனக்கு ரத்தம் தெரியவில்லை. கம்பளி தெரிகிறது, கோதுமை தெரிகிறது, யாருடைய ரயில் யாருடைய சரக்கை இழுத்துக்கொண்டு போகிறது என்ற சண்டை தெரிகிறது. ஆறு வருடங்களுக்கு முன் வங்கிகள் கதவைச் சாத்தியபோதுதான் எல்லோருக்கும் திடீரென்று சகோதர பாசம் வந்தது.

போன வருடம் தோற்ற கூட்டாட்சிச் சட்டவரைவை மறுபடி வாக்கெடுப்புக்கு விடுகிறார்கள். எங்கள் காலனிக்கு ஏப்ரல் 29. இங்கே பெண்களுக்கும் வாக்கு உண்டு என்பதால் நீங்கள் என்னிடம் கேட்டிருக்கிறீர்கள்: “வேண்டாம்” என்று போடு, ஹெஸ்டர். எனக்காக. உங்கள் வாழ்நாளில் என்னிடம் எதையும் கேட்டதில்லை நீங்கள். அதனால்தான் உடனே பதில் எழுத முடியவில்லை.

உங்கள் அக்கரை நண்பர் டூகல் ரெனிக் எப்படி இருக்கிறார்? ஞாயிறு மாலைகளில் இன்னும் சீட்டாட்டத்தில் ஏமாற்றுகிறாரா? அவர் மனைவி ஃப்ளோராவுக்கும் என் அன்பைச் சொல்லுங்கள்.

உங்கள் தங்கை,
ஹெஸ்டர்

*

தாரவின் பாலம், விக்டோரியா
1899 மார்ச் 24

அன்புத் தங்கை ஹெஸ்டருக்கு,

நலம். முழங்கால் பழையபடிதான். ஆற்றில் தண்ணீர் நான்கடிக்குக் கீழே போய்விட்டது. நீராவிப் படகுகள் வரவில்லை. கம்பளி மூட்டைகள் வண்டியில் வருகின்றன. வேலை அதிகம்.

இந்த வாரம் நடந்ததை எழுதுகிறேன், நீ உன் கணக்கில் சேர்த்துக்கொள். ஹீனிக்கு இரண்டு கரையிலும் நிலம். அந்தக் கரையில் விளைந்த அவனுடைய ஓட்ஸை இந்தக் கரையில் உள்ள அவனுடைய குதிரைகளுக்குப் போட வரி கட்டினான். “என் வாயிலேருந்து என் வயித்துக்குப் போறதுக்கும் வரி போடுவியா பெங்கெலி?” என்றான். “வரிப் பட்டியலில் இருந்தால் போடுவேன்” என்றேன்.

தோட்டக்காரர் லீ யிக் திங்கள்தோறும் முட்டைக்கோஸுடன் வருகிறார். கோஸுக்கு வரி. சீனர் என்பதால் ஆளுக்கும் அனுமதிச் சீட்டு. பத்து வருடமாக அவரைத் தெரியும். திங்கள்தோறும் சீட்டைக் கேட்கிறேன். அவரும் என்னைத் தெரியாதவர்போல எடுத்துக் காட்டுகிறார்.

சட்டம் முட்டாள்தனமாக இருக்கலாம். ஆனால் இருபத்திரண்டு வருடம் நான் அதை ஒழுங்காக நிறைவேற்றியிருக்கிறேன். நான் கேட்டதை மறக்காதே.

நீ விசாரித்தவர்கள் பற்றி: இந்த மாதம் அக்கரைக்குப் போகவில்லை.

ஆண்டவர் உன்னைக் காப்பாராக.

ஜேபஸ்

*

அடிலெய்டு,
1899 ஏப்ரல் 9

அன்புள்ள அண்ணனுக்கு,

நலம், உங்கள் நலம் அறிய ஆவல் என்று ஐந்து சொல்லில் முடித்துவிட்டு விஷயத்துக்கு வருகிறேன்.

சட்டவரைவை வாங்கிவந்து முழுவதும் படித்தேன். இந்த ஊரில் அதைப் பற்றிப் பேசுகிற நூறு பேரில் படித்தவர்கள் மூன்று பேர் இருப்போம். சுங்கம்தான் எல்லாக் காலனிகளுக்கும் சோறு போடுகிறது. அதை மத்திய அரசு எடுத்துக்கொள்ளும், நான்கில் மூன்று பங்கைப் பத்து வருடம் திருப்பித் தரும், பிறகு பார்க்கலாம் என்கிறார்கள். “பிறகு பார்க்கலாம்” என்ற அடித்தளத்தில் ஒரு நாட்டைக் கட்டுகிறார்கள். எங்கள் தலைமையாசிரியையிடம் இதைச் சொன்னேன். “ஹெஸ்டர், உனக்கு எதிலயும் ஒரு ஓட்டை தெரியும். கல்யாணத்திலயும் அப்படித்தான் பாத்துப் பாத்து நின்னுபோன” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

லீ யிக்கைப் பற்றி எழுதினீர்கள். கூட்டாட்சி வந்தால் கோஸுக்கு வரி போய்விடும். ஆளுக்குச் சீட்டு போகாது. இன்னும் இறுகும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. மேடையில் “ஒரே மக்கள்” என்று சொல்லும்போது எவ்வளவு பேரை வெளியே நிறுத்திவிட்டுச் சொல்கிறார்கள் என்பதையும் பார்க்கிறேன்.

ஆக, “வேண்டாம்” என்று போட எனக்கு நியாயங்கள் நிறைய இருக்கின்றன. அவற்றில் நீங்கள் எவ்வளவு, சட்டவரைவு எவ்வளவு என்று பிரித்துப் பார்க்கிறேன். பிரிக்க வரவில்லை.

ஒன்று புரியவில்லை. நீங்கள் அக்கரைக்குப் போகவில்லை என்றால் டூகல் இக்கரைக்கு வந்திருப்பாரே? பதினெட்டு வருடத்தில் ஒரு ஞாயிறு தவறியதில்லையே.

உங்கள் தங்கை,
ஹெஸ்டர்

*

அடிலெய்டு,
1899 ஏப்ரல் 22

அன்புள்ள அண்ணனுக்கு,

உங்கள் கடிதம் வரவில்லை. நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நான் நலம்.

நேற்று முன்தினம் நகர மண்டபத்தில் கூட்டம். போகாமல் இருந்திருக்கலாம், போனேன். மெல்பர்னிலிருந்து வந்த ஒரு பேச்சாளர் எல்லைச் சுங்கத்தைப் பற்றிப் பேசினார். அவர் சொன்ன ஒரு சம்பவத்தை அப்படியே எழுதுகிறேன்.

மர்ரே நதியில் ஒரு பாலம். பிப்ரவரி மாதம். அக்கரையில் இறந்துபோன ஒருவரை இக்கரைக் கல்லறையில் புதைக்க வண்டியில் எடுத்துவருகிறார்கள். விதவை கூடவே வருகிறாள். சுங்க அதிகாரி வண்டியை நிறுத்துகிறார். சவப்பெட்டி அக்கரையில் செய்த மரச்சாமான், கைப்பிடிகள் பித்தளை, இரண்டுக்கும் பட்டியலில் வரி உண்டு என்கிறார். அதோடு விடவில்லை. மூடியைத் திறக்கச் சொல்கிறார். விதவையின் கண் முன்னால் ஆணிகளைக் கழற்றிப் பிணத்தைப் பார்க்கிறார். பிறகு வரியை வாங்கிக்கொண்டு ரசீது எழுதிக் கொடுக்கிறார்.

மண்டபமே எழுந்துவிட்டது. “வெக்கம்! வெக்கம்!” என்று கத்தினார்கள். எனக்குப் பின்னாலிருந்து ஒருவன், “செத்தவன் சட்டைப்பையில கை விட்டானா கேளுங்க!” என்றான். இன்னொருவன், “அவன் செத்தா மோட்ச வாசல்ல நிறுத்தி வரி கேக்கணும்யா!” என்றான். ஒரே சிரிப்பு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “இப்படியும் ஒரு மனுஷன் இருப்பானா, சொல்லுங்க?” என்று என்னைக் கேட்டாள். நான் கையுறையைச் சரிசெய்துகொண்டேன்.

பேச்சாளர் அதிகாரியின் பெயரைச் சொல்லவில்லை. பாலத்தின் பெயரையும் சொல்லவில்லை. மர்ரேயில் பாலங்கள் பல இருக்கின்றன.

அடுத்த சனிக்கிழமை வாக்கெடுப்பு. முழங்காலுக்கு ஒரு தைலம் தனியாக அனுப்பியிருக்கிறேன். சூடாக்கித் தேய்க்க வேண்டும்.

உங்கள் தங்கை,
ஹெஸ்டர்

*

தாரவின் பாலம்,
1899 ஏப்ரல் 27

ஹெஸ்டருக்கு,

தைலம் கிடைத்தது.

அந்தக் கதையில் ஒரு பிழை இருக்கிறது. கைப்பிடிகள் பித்தளை இல்லை. இரும்பு.

உன் வாக்கு உன்னுடையது. நான் கேட்டதைக் கேட்கவில்லை என்று வைத்துக்கொள்.

ஜே. பெங்கெலி

*

அடிலெய்டு,
1899 மே 1

அன்புள்ள அண்ணனுக்கு,

நான்கு வரியில் நீங்கள் எழுதியது இன்று காலைத் தபாலில்தான் வந்தது. சனிக்கிழமைக்கு முன்பே வந்திருந்தால் என்ன செய்திருப்பேன் என்று தெரியாது. தெரிந்ததுபோல எழுதி உங்களைச் சமாதானப்படுத்த விரும்பவில்லை.

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். காலை பத்து மணிக்கு வாக்குச்சாவடிக்குப் போனேன். சீட்டு கொடுத்தவர் என் பழைய மாணவியின் தகப்பனார். “என்ன டீச்சர், இதுலயும் சிவப்பு மையால திருத்திக் கொடுத்துடாதீங்க” என்றார். சீட்டை வாங்கிக்கொண்டேன். மறைப்புக்குப் பின்னால் போய் நின்றேன். வெகுநேரம் நின்றிருப்பேன் போலிருக்கிறது, வெளியே ஒரு பெண், “உள்ள இருக்கிறவங்க தூங்கிட்டாங்களா?” என்று கேட்டாள்.

“ஆம்” என்று போட்டேன்.

மேடைப் பேச்சுக்காக இல்லை. அந்த மண்டபத்தில் கத்தியவர்களோடு சேர்ந்து நிற்க எனக்குக் கொஞ்சமும் விருப்பமில்லை. அவர்கள் உங்களைப் பார்த்ததில்லை. நான் உங்களைப் பார்த்திருக்கிறேன். மூண்டாவில் அப்பா சுரங்கத்தில் அடிபட்டுக் கிடந்தபோது, இருபது வயதில் நீங்கள் வேலைக்குப் போய் என்னைப் படிக்க வைத்தீர்கள். அப்படிப்பட்ட மனிதனை ஒரு சவப்பெட்டியைத் திறக்க வைக்கக்கூடிய வாயில் எதுவோ, அது இருக்கக் கூடாது என்று தோன்றியது. இது தர்க்கம் இல்லை என்று எனக்கே தெரியும். ஆட்சி முறைகளைப் பற்றி நான் படித்த எந்தப் புத்தகத்திலும் இப்படி ஒரு நியாயம் கிடையாது.

இங்கே ஐந்தில் நான்கு பேர் “ஆம்” என்று போட்டிருப்பார்கள் என்கிறார்கள். என் ஒரு வாக்கு இல்லாவிட்டாலும் இதே முடிவுதான். அதைச் சொல்லித் தப்பித்துக்கொள்ளவும் மனமில்லை.

பெட்டியில் இருந்தவர் யார் என்று நான் கேட்கப்போவதில்லை.

உங்கள் தங்கை,
ஹெஸ்டர்

*

அடிலெய்டு,
1899 ஜூன் 11

அன்புள்ள அண்ணனுக்கு,

ஆறு வாரம் ஆகிவிட்டது. நீங்கள் நலமா என்று ஒரு வரி எழுதுங்கள். திட்டுவதாக இருந்தாலும் சரி. தபால்தலை உள்ளே வைத்திருக்கிறேன். விக்டோரியா தபால்தலை இங்கே கிடைக்காது, ஒரு தோழியிடம் கேட்டு வாங்கினேன். கூட்டாட்சி ஆனால் இந்தத் தொல்லையாவது தீருமா பார்க்கலாம்.

இருபதாம் தேதி நியூ சவுத் வேல்ஸில் வாக்கெடுப்பு. உங்களுக்கு அடுத்த மாதம்.

இங்கே குளிர். இருமல் திரும்பிவிட்டது, பயப்பட ஒன்றுமில்லை.

ஹெஸ்டர்

*

தாரவின் பாலம்,
1899 ஜூலை 30

அன்புத் தங்கை ஹெஸ்டருக்கு,

நலம். இருமலுக்கு வெங்காயச் சாறும் தேனும் சாப்பிடு. மருந்துக் கடைக்காரனை நம்பாதே.

வியாழக்கிழமை இங்கே வாக்கெடுப்பு முடிந்தது. எங்கள் சாவடியில் “வேண்டாம்” என்று விழுந்தவை ஏழு. ஏழு பேர் யார் யார் என்று அன்று மாலையே ஊர் விரல்விட்டு எண்ணிவிட்டது. ஆறு பேருக்கு மேல் எண்ணத் தெரியாமல் ஏழாவதாக என்னைப் போட்டுக்கொண்டார்கள். ஹீனி வாயிலில் நின்று, “என்ன பெங்கெலி, கடையைக் கட்டலாமா?” என்றான். கட்டலாம் என்றேன். ஊர் எண்ணியது சரியா தவறா என்று நான் யாருக்கும் சொல்லவில்லை.

நீ கேட்கமாட்டேன் என்று எழுதியதற்குப் பதில் சொல்கிறேன்.

டூகல்தான்.

அவன் புகையிலை கடத்துவான் என்பது உனக்குத் தெரியாது. பதினெட்டு வருடம். தவிட்டு மூட்டையில், சேணத்துக்கு அடியில், ஒருமுறை கிறிஸ்துமஸ் வான்கோழியின் வயிற்றில். விற்க இல்லை, என்னை ஜெயிக்க. பாதி முறை பிடிப்பேன், பாதி முறை விட்டுவிடுவேன். ஞாயிற்றுக்கிழமை வந்து அந்தப் புகையிலையையே என் முன்னால் பற்றவைப்பான். போன கிறிஸ்துமஸ் அன்று சொன்னான்: “ஒருநாள் பாரு ஜேபஸ், ஒரு வண்டிப் புகையிலையை உன் மூக்குக்குக் கீழேயே கொண்டுபோவேன். நீயே தொப்பியைக் கழட்டி வழி விடுவ.”

பிப்ரவரியில் ஆட்டுக் கம்பளி வெட்டும் கணக்குப் பார்க்க வடக்கே போயிருந்தான். பதினாலாம் தேதி மத்தியானம் அந்தக் கரையிலிருந்து வண்டி வந்தது. பெட்டி. பின்னால் கறுப்பு உடையில் ஃப்ளோரா. “யாரு?” என்றேன். வண்டிக்காரன், “டூகல் ரெனிக்குங்க. காய்ச்சல்” என்றான்.

தொப்பியைக் கழற்றப் போனேன். கை பாதியில் நின்றது. நான் சிரித்துவிட்டேன், ஹெஸ்டர். பெட்டியைத் தட்டி, “போதும்டா, எழுந்து வா” என்றேன். ஃப்ளோரா ஏதோ சொன்னாள். அவளும் உடந்தை என்று நினைத்தேன். “திறந்தால்தான் வண்டி நகரும்” என்றேன். வண்டிக்காரன் ஆணியைக் கழற்றினான். நான் சிரித்துக்கொண்டேதான் குனிந்தேன்.

அதற்குப் பிறகு என்ன செய்வது என்று தெரியவில்லை. எல்லோரும் என்னையே பார்த்தார்கள். கையில் பட்டியல் இருந்தது. மரச்சாமான், இரும்புக் கைப்பிடி நான்கு. எழுதினேன். ரசீதைக் கிழித்து அவளிடம் நீட்டினேன். வாங்கிக்கொண்டாள்.

கடமையைச் செய்தேன் என்று ஊரில் சொன்னேன். சிரித்தேன் என்பதைவிட அது பரவாயில்லை என்று பட்டது. மெல்பர்னிலிருந்து வந்த விசாரணைக்கும் அதையே எழுதிக் கொடுத்தேன். விதிப்படி சரி என்று பதில் வந்தது.

கல்லறைக்கு நான் போகவில்லை. அக்கரைக்கும் போகவில்லை. போய் என்ன சொல்வது?

நீ “ஆம்” என்று போட்டதில் எனக்கு வருத்தம் இருந்தது. மூன்று மாதம் இருந்தது. இப்போது இல்லை என்று எழுத நினைத்தேன், கொஞ்சம் இருக்கிறது.

ஜேபஸ்

*

அடிலெய்டு,
1899 ஆகஸ்ட் 6

அன்புள்ள அண்ணனுக்கு,

வெங்காயச் சாறு குடித்தேன். சகிக்கவில்லை. ஆனால் இருமலுக்குக் கேட்கிறது.

உங்கள் கடிதத்தை யாரிடமும் காட்டவில்லை, காட்டவும் மாட்டேன். ஃப்ளோராவிடம் போய் இதையே சொல்லுங்கள் என்று எழுதத் தோன்றுகிறது. ஆறு தாண்டி நானூறு கஜம். ஆனால் ஐந்நூறு மைலுக்கு அப்பால் உட்கார்ந்துகொண்டு நானூறு கஜத்தைப் பற்றிப் புத்தி சொல்வது எளிது. அதனால் சொல்லவில்லை.

மிச்சமிருக்கும் அந்தக் கொஞ்ச வருத்தத்தை வைத்துக்கொள்ளுங்கள். அது எனக்கு உரியதுதான்.

ஹெஸ்டர்

*

மெல்பர்ன்,
1901 செப்டம்பர் 22

அன்புத் தங்கை ஹெஸ்டருக்கு,

நலம். எல்லாம் அவசரமாக நடந்துவிட்டது. புத்தாண்டிலிருந்து நான் கூட்டாட்சியின் ஊழியன் என்று உனக்குத் தெரியும். தொப்பியில் பித்தளை எழுத்துகளை மட்டும் மாற்றினார்கள், வாயில் அப்படியே இருந்தது. இப்போது துறைமுகத்துக்கு ஆள் வேண்டும் என்று ஐந்து நாள் அவகாசத்தில் இங்கே வரச் சொல்லிவிட்டார்கள். மிச்சமிருக்கும் ஒன்றரை வருடத்தை இங்கே தள்ளிவிட்டால் ஓய்வூதியம் உண்டு. ஆக, நீ பயந்ததுபோல நான் தெருவுக்கு வரவில்லை. வீடுதான் போகிறது. இங்கே ஒரு விடுதியில் அறை. ஜன்னலைத் திறந்தால் கப்பல் புகை.

புதிய பொதுச் சுங்கப் பட்டியல் நாடாளுமன்றத்தில் வைக்கப்படும் அந்த நிமிடமே எல்லை வாயில்கள் எல்லாம் இல்லாமல் போய்விடும். எந்த நாள் என்று சொல்ல மாட்டார்கள். சொன்னால் வியாபாரிகள் சரக்கைப் பதுக்கிவிடுவார்கள். அதுவரை பெந்திகோ ஊரிலிருந்து ஒருவரைத் தற்காலிகமாக அங்கே போட்டிருக்கிறார்கள்.

என் சாமான்கள் இன்னும் அந்த வீட்டில்தான். எனக்கு விடுப்பு இல்லை. உனக்குப் பள்ளி விடுமுறைதானே? போய்க் கட்டி அனுப்பிவைப்பாயா? மேசை, கட்டில், புத்தகங்கள், சமையல் பாத்திரம். சீட்டுக்கட்டு மேசை இழுப்பறையில் இருக்கும். அதை நீயே வைத்துக்கொள், இல்லையென்றால் எரித்துவிடு.

கடைசி நாள் நீ அங்கே இருக்க நேர்ந்தால், என்ன நடந்தது என்று எழுது. அலங்காரம் வேண்டாம்.

ஜேபஸ்

*

தாரவின் பாலம்,
1901 அக்டோபர் 8, செவ்வாய்

அன்புள்ள அண்ணனுக்கு,

நான் நலமாக வந்து சேர்ந்தேன். வந்து ஐந்து நாள் ஆகிறது. சாமான்களில் பாதி கட்டியாகிவிட்டது. உங்கள் பாத்திரங்களை அனுப்பும் செலவுக்குப் புதிதாக வாங்கிவிடலாம். அடி எல்லாம் கருகிப்போயிருக்கிறது. இருந்தாலும் கட்டினேன்.

பெந்திகோக்காரர் நல்லவர், ஆனால் சதா கொட்டாவி விடுகிறார். “பேய் வீட்டுக்குக் காவல் இருக்கிற மாதிரி இருக்கும்மா” என்றார். இன்று மாலை தந்தி வந்தது. நான்கு மணியிலிருந்து புதிய பட்டியல். காலனிகளுக்கிடையே வரி கிடையாது. அவர் அதை இரண்டுமுறை படித்துவிட்டு என்னிடம் கொடுத்தார். பிறகு வாயிலைத் திறந்து ஒரு கல்லை வைத்து நிறுத்தினார். “அவ்வளவுதானா?” என்றேன். “அவ்வளவுதான். வேற என்ன, பேண்டு வாத்தியமா?” என்றார். ஆறரை மணி ரயிலில் போய்விட்டார்.

நான் தனியாகத் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்தேன். யாரும் கடக்கவில்லை. நான் வாக்களித்துக் கேட்ட காரியம் என் கண் முன்னால் நடந்தேறியிருக்கிறது. மகிழ்ச்சியாக இருக்கிறதா என்று என்னையே கேட்டுக்கொண்டேன். பசிக்கிறது என்று மட்டும் தெரிந்தது. ஒரு முட்டையை வேகவைத்துச் சாப்பிட்டேன்.

நாளை என்ன நடக்கிறது என்று பார்த்து எழுதிவிட்டு இதைத் தபாலில் போடுகிறேன்.

*

அக்டோபர் 9, புதன்

காலை ஏழு மணிக்கு ஹீனியின் வண்டி அக்கரையிலிருந்து வந்தது. ஓட்ஸ். வாயில் திறந்து கிடக்கிறது, ஆள் கிடையாது. வாயிலுக்கு நேராக வந்ததும் இரண்டு குதிரைகளும் நின்றுவிட்டன. ஹீனி கடிவாளத்தை உதறினான், கத்தினான், சாட்டையை ஓங்கினான். அவை காதை மட்டும் ஆட்டின. நான் கையில் துடைப்பத்தோடு தாழ்வாரத்தில் நின்றிருந்தேன்.

“அம்மா, உங்க அண்ணன் எப்பவும் கையை ஆட்டி ‘சரி, போ’ன்னு சொல்லுவாரு. அதைக் கேக்காம நகராதுங்க இந்தச் சனியனுங்க. கொஞ்சம் சொல்லுங்களேன்” என்றான்.

நான் கையை ஆட்டி, “சரி, போ” என்றேன். போயின.

பத்து மணிக்குள் இன்னும் ஐந்து வண்டிகளுக்கு இப்படிச் சொன்னேன். இந்தத் திங்கள் வராத லீ யிக் இன்று வந்தார். அவர் குதிரையும் நின்றது. அவர் சட்டைப்பையிலிருந்து சீட்டை எடுத்து நீட்டினார். வேண்டாம் என்றேன். “சட்டம் மாறிடுச்சா?” என்று கேட்டார். கோஸுக்கு மாறிவிட்டது, உங்களுக்கு மாறியதா என்று எனக்குத் தெரியாது என்றேன். சீட்டைப் பத்திரமாக மடித்து உள்ளே வைத்துக்கொண்டார்.

மூன்று மணிக்கு ஃப்ளோரா ரெனிக் வந்தாள். சிறிய ஒற்றைக்குதிரை வண்டி, அவளே ஓட்டிக்கொண்டு. குதிரை புதியது, நிற்காமல் போகப் பார்த்தது. அவள்தான் இழுத்து நிறுத்தினாள். என்னைப் பார்க்காமல் வீட்டுக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“எங்க அவரு?”

மெல்பர்னுக்கு மாற்றலாகிவிட்டது, மூன்று வாரம் ஆகிறது என்றேன்.

“சொல்லாமப் போயிட்டாரா. நல்லா இருக்கு. வாசல் போனதும் வந்து நாலு கேள்வி கேக்கணும்னு ரெண்டரை வருஷமா சேத்து வெச்சிருந்தேன், டீச்சரம்மா. ஆளே இல்ல.”

நான் உங்களுக்காக எதுவும் பேசவில்லை. அவள்தான் பேசினாள்.

“சிரிச்சாரு, தெரியுமா உங்களுக்கு? பெட்டியைத் தட்டி எழுந்து வான்னாரு. எதுக்குச் சிரிச்சாருன்னு எனக்குப் புரியாதுன்னு நெனச்சுட்டாரு. எம் புருஷன் என்னவெல்லாம் பண்ணுவான்னு எனக்குத் தெரியாதா? வான்கோழி வயித்தைத் தெச்சது நானு. அன்னிக்கு நானும்தான் ஒரு நிமிஷம்...” என்று சொல்லி நிறுத்தினாள். குதிரை காலை மாற்றி வைத்தது. “அதுக்கில்ல என் கோவம். அப்புறம் ஒரு ஞாயித்துக்கிழமைகூட ஆத்தைத் தாண்டி வரலையே. அதுக்கும் வரியா?”

அவருக்கு எழுதுங்கள், முகவரி தருகிறேன் என்றேன்.

“எழுதித் திட்ட எனக்கு வராது. நேர்ல தான் வரும். மெல்பர்ன் எவ்வளவு தூரம்?”

இந்தக் கரையிலிருந்து நேர் ரயில், ஏழு மணி நேரம் என்றேன்.

“அவ்வளவுதானா?” என்றாள்.

உள்ளே போய் உங்கள் விடுதி முகவரியையும், வெள்ளி, திங்கள் ரயில்களின் நேரத்தையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்தேன். வாங்கிப் படித்தாள். எட்டு மணி ரயில் உண்மையிலேயே எட்டு மணிக்குக் கிளம்புமா என்று கேட்டாள். பெரும்பாலும் கிளம்பும் என்றேன். தாளை நான்காக மடித்து வலது கையுறைக்குள் வைத்துக்கொண்டு, வண்டியைத் திருப்பி அக்கரைக்குப் போனாள்.

ஹெஸ்டர்